நாலாம் வகுப்புக்கு வந்த ஆப்பிரிக்கா

அண்டாவுக்குள் உட்கார்ந்திருந்த பையன்தான் தாமரைச்செல்வியின் கண்ணில் முதலில் பட்டான். அட்டையில் செய்து கறுப்புப் பெயின்ட் அடித்த பெரிய அண்டா. அதற்குள்ளே தலையில் வெள்ளைத் தொப்பியும் கழுத்தில் பைனாகுலருமாக க்ரிஷ். அவனைச் சுற்றி, ஜீன்ஸுக்கு மேலே பச்சைக் காகிதத்தில் இலைப்பாவாடை கட்டிக்கொண்டு பிள்ளைகள் குதித்துக்கொண்டிருந்தார்கள். ஒலிபெருக்கியில் ஒரு பெரியவரின் குரல், "ஹூ ஹா! ஜிங்கிலிக்கா! மாட்டினான்டா வெள்ளைக்காரன், மசாலா அரைங்கடா!" என்று கத்தியது. பிள்ளைகள் அதற்குத் தக்கபடி வாயைத் திறந்து திறந்து மூடினார்கள்.

எல்லாருக்கும் முன்னால், முடியில் பிளாஸ்டிக் எலும்பு ஒன்றைச் செருகிக்கொண்டு, அதிகமாகக் குதித்தவள் கயல். தாமரையின் மகள். பத்து வயது.

தாமரை வாசலிலேயே நின்றுவிட்டாள். கார்ச் சாவி உள்ளங்கையில் குத்தியது. குத்துகிறது என்று தெரிந்தும் அவள் பிடியைத் தளர்த்தவில்லை.

கடல் கடந்து வந்த தமிழர்கள் மான்மவுத் ஜங்ஷனில் ஞாயிறு காலைகளில் நடத்தும் தமிழ்ப் பள்ளி அது. ஒரு மிடில் ஸ்கூலின் கேன்டீனை வாடகைக்கு எடுத்து நடத்துகிறார்கள். ஆண்டு விழாவுக்கு அந்த வருஷம் நாடகம், 'உலகை ஆண்ட வேந்தர்கள்'. ஒவ்வொரு வகுப்புக்கும் ஒரு தேசம். இரண்டாம் வகுப்புக்குச் சீனா, மூன்றாம் வகுப்புக்கு ரோம், பெரிய பிள்ளைகளுக்குச் சோழநாடு. சோழனுக்குப் பட்டும் சரிகையும் கப்பலும் யானையும் உண்டு. நாலாம் வகுப்புக்கு வந்தது ஆப்பிரிக்கா. அதற்கு இந்த அண்டா.

இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். அந்தப் பள்ளியில் பிள்ளைகள் மேடையில் பேசுவதே இல்லை. அவர்கள் நாக்கில் தமிழ் தடுக்குகிறது, மைக்கும் போதவில்லை என்று, எல்லா வசனத்தையும் பெரியவர்களே முன்கூட்டிப் பதிவு செய்து, இசை சேர்த்து வைத்துவிடுவார்கள். அதற்கு டிராக் என்று பேர். டிராக் ஓடும், பிள்ளைகள் வாயசைப்பார்கள். தன் பிள்ளை எவ்வளவு சுத்தமாகத் தமிழ் பேசுகிறது என்று கீழே உட்கார்ந்திருக்கிற அப்பா அம்மாவுக்குக் கண் கலங்கும். குரல் வேறொருவருடையது என்று அவர்களுக்கும் தெரியும். தெரிந்தேதான் கலங்கும்.

"வாங்க தாமரை!" நாடகத்தை நடத்தும் சாந்தாமணி கையை ஆட்டிக்கொண்டே வந்தாள். பொள்ளாச்சிக்காரி. "பாத்தீங்களா உங்க பொண்ணை? அவதானுங்க லீடர். மத்த புள்ளைகளுக்கெல்லாம் சுருட்டை விக் ஆர்டர் பண்ணியிருக்கேன். கயலுக்கு மட்டும் ஒண்ணும் வேண்டாம். அவ பொறந்ததே காஸ்ட்யூமோடதானுங்களே!"

சொல்லிவிட்டுச் சிரித்தாள். அன்பாகத்தான் சிரித்தாள். தாமரையை அது கூடுதலாகச் சுட்டது அதனால்தான். கயல் பிறந்து ஆஸ்பத்திரியிலிருந்து வந்தபோது தினமும் பூண்டுக் குழம்பும் பத்தியச் சோறும் கொண்டுவந்து ஊட்டியவள் இந்தச் சாந்தாமணி. வேறு யாராவது இதைச் சொல்லியிருந்தால் தாமரை அங்கேயே கிழித்திருப்பாள்.

"அக்கா," என்றாள். "இதையெல்லாம் யாருக்கா எழுதினது?"

"மணியன் அண்ணன்தான். காமெடி ட்ராக்குங்க. ஒரே ராஜா ராஜான்னு போனா ஜனம் எந்திரிச்சுப் போயிடுமே!"

காரில் ஏறியதும் கயல் எலும்பை முடியிலிருந்து உருவி மடியில் வைத்துக்கொண்டாள்.

"அம்மா, இஸ் டாட் கமிங்? டு தி ஆன்யுவல் டே?"

"வர்றாரு கண்ணு. லீவெல்லாம் போட்டாச்சு."

"கேன் யூ டெல் ஹிம் இட்ஸ் கேன்சல்டு?"

தாமரை சிக்னலில் வண்டியை நிறுத்தினாள். "ஏன்டா?"

"எவ்ரிபடி லாஃப்ஸ் வென் ஐ டூ இட். தே லைக் மீ." கயல் எலும்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "அப்பா வோன்ட் லாஃப்."

பச்சை விழுந்தது. பின்னால் ஒருவன் ஹாரன் அடித்தான். தாமரை அசையவில்லை. பத்து வருஷம் வளர்த்த பிள்ளை, சொந்த அப்பன் விழாவுக்கு வரக் கூடாது என்கிறது. இதற்குத்தானா ஞாயிறு தவறாமல் இவளைத் தூக்கத்திலிருந்து எழுப்பி, இத்தனை தூரம் ஓட்டிக்கொண்டு வந்தேன்? அந்த மேடையில் அவள் அப்படிக் குதித்து, அதை அவள் அப்பன் பார்த்துவிட்டால், அதற்குப் பிறகு இந்தப் பெண் எந்த முகத்தோடு அவனை அப்பா என்று கூப்பிடுவாள்?

வீட்டுக்குப் போனால் அந்த அப்பன் சமையலறையில் நின்று நேந்திரம்பழம் பொரித்துக்கொண்டே தமிழ் மனப்பாடம் செய்துகொண்டிருந்தான். "என் மகள் நன்றாக நடித்தாள். என் மகள் நன்றாக நடித்தாள்." விழா முடிந்ததும் எல்லாரிடமும் இதைச் சொல்ல வேண்டும் என்பது அவன் ஆசை. கரண்டியாலேயே தாளம் போட்டான்.

ஒசாகி நைஜீரியாவின் பெனின் நகரத்துக்காரன். பிளெய்ன்ஸ்பரோவில் ஒரு மருந்துக் கம்பெனியில் வேதியியல் ஆராய்ச்சி செய்கிறான். தாமரையும் அங்கேதான் வேலை பார்க்கிறாள், அங்கேதான் பழக்கம். அவன் முன்னோர்கள் ஈகுன் தெருவில் இருந்தவர்கள். ராஜாவுக்குப் பித்தளை வார்த்துக் கொடுத்த வார்ப்புக்காரர்களின் தெரு அது. அவன் வீட்டில் ஆங்கிலம்தான் பேசுவான். அவன் சொன்னதையெல்லாம் இங்கே தமிழில் சொன்னால் இப்படித்தான் வரும்.

தாமரை அடுப்பை அணைத்துவிட்டு எல்லாவற்றையும் சொன்னாள். அண்டா, எலும்பு, சாந்தாமணி சொன்ன வார்த்தை, காரில் கயல் சொன்னது, ஒன்று விடாமல்.

அவன் கேட்டுக்கொண்டே கையைத் துடைத்தான். "அண்டாவா?" என்றான். "அது இங்கேயும் வந்துவிட்டதா? நான் லண்டனில் படிக்கப் போனபோது அங்கே இருந்தது. இங்கே முதல் வேலையில் சேர்ந்தபோது ஒருவன் அதைச் சொல்லிச் சிரித்தான். உங்கள் ஆட்கள் மட்டும் விட்டுவைப்பார்கள் என்று நினைத்திருந்தேன்."

"நாளைக்கே பேரை வெட்டிடறேன். தமிழும் வேண்டாம், ஒரு மண்ணும் வேண்டாம்."

"கூட்டிக்கொண்டு வந்துவிடலாம்," என்றான் ஒசாகி. "ஆனால் அண்டாவை அங்கேயே விட்டுவிட்டு வந்தால் அது அங்கேயேதான் இருக்கும்."

தாமரைக்கு அவன்மேலும் கோபம் வந்தது. இந்த மனுஷனுக்கு ஏன் ரத்தம் கொதிப்பதே இல்லை? பிறகுதான் பார்த்தாள், துடைத்த கையையே அவன் திரும்பத் திரும்பத் துடைத்துக்கொண்டிருந்தான்.

அன்று மத்தியானமே மணியனின் வீட்டுக்குப் போனாள். பள்ளியின் தலைவர் அவர்தான், எடிசனில் வீடு. பேஸ்மென்ட்டில் ரெக்கார்டிங் ஸ்டுடியோ மாதிரி மைக்கும் கம்ப்யூட்டரும் வைத்திருந்தார்.

"அண்ணா, அந்த ஆப்பிரிக்கா சீனை மாத்தணும்."

"எதை, அண்டா சீனையா? அய்யய்யோ, அதுதாம்மா ஹைலைட்டே! சைனா வந்தா கொட்டாவி விடுவாங்க, ரோம் வந்தா போனை நோண்டுவாங்க. அண்டா வந்தா பாரு, ஹாலே குலுங்கும்."

"கயலோட அப்பா முன்னாடி உக்காந்திருப்பாருங்கண்ணா."

"இருக்கட்டுமே. அவரு ஜாலியான ஆளுதானே. அவரையா சொன்னோம்? அவரு படிச்சவரு, டீசன்ட். இது அந்தக் காலத்துக் காட்டுவாசி."

"அந்தக் காலத்துல அவங்க ஊர்ல என்ன இருந்துச்சுன்னு உங்களுக்குத் தெரியுங்களா?"

"என்ன இருந்திருக்கும்?" மணியன் நாற்காலியைச் சுழற்றினார். "காடு. சிங்கம்."

அவ்வளவுதான். பிறந்த ஊரான கோபிச்செட்டிபாளையத்துச் சந்தையில் கேட்கிற குரல் ஒன்று தாமரையின் வயிற்றிலிருந்து கிளம்பி வந்தது.

"ஏனுங்கண்ணா, போன வருஷம் சிட்டி மியூசியத்துக்குப் போயிட்டு வந்து குரூப்புல என்ன போட்டீங்க? நம்ம நடராஜரைக் கண்ணாடிப் பொட்டிக்குள்ள நிறுத்தி வெச்சிருக்கானுங்க, திருட்டுப் பசங்கன்னு போட்டீங்களா இல்லையா? நானும் அதுக்குக் கும்புடு போட்டேனா இல்லையா? அதே கட்டடத்துல ரெண்டு ரூம் தள்ளி எங்க வீட்டுக்காரரு ஊர் ராஜாவோட தலை இருக்குது. பித்தளைத் தலை. மெழுகுல உருவம் புடிச்சு, மேல மண்ணு பூசி, மெழுகை உருக்கி வெளிய ஊத்திட்டு உள்ள பித்தளையை ஊத்துனது. நம்ம சுவாமிமலையில செய்யறாங்களே, அதே வேலை. அந்த வேலையைச் செஞ்சது அவருக்குப் பாட்டன் பூட்டன். நீங்க நடராஜர் முன்னாடி நின்னு அழுதீங்க. அவரு அந்தத் தலை முன்னாடி நின்னு அழுதாரு. உங்க அழுகைக்கு குரூப்புல எரநூறு பேரு லைக் போட்டாங்க. அவரு அழுகைக்கு நீங்க அண்டா வெக்கறீங்க!"

மணியன் நாற்காலி நின்றது. "அப்படியா?" என்றார். ஒரு கணம் உண்மையாகவே கேட்ட மாதிரி இருந்தது. பிறகு கம்ப்யூட்டர் பக்கம் திரும்பிக்கொண்டார். "சரிம்மா, டென்ஷன் ஆகாதே. காஸ்ட்யூமை நீயே மாத்திக்க. வசனத்தையும் ரெக்கார்ட் பண்ணி அனுப்பு. டிராக்ல சேத்துடறேன்."

"சத்தியமா?"

"சேத்துடறேன்னு சொன்னேன்ல?"

தாமரை எழுத உட்கார்ந்தாள். கோபத்தில் எழுதியது, மழை அடித்துப் பெய்த மாதிரி வந்தது. பெனின் நகரத்தைச் சுற்றி மண்ணால் எழுப்பிய மதில், ஆழமான அகழி. அகலமான நேர்த் தெருக்கள். கண்ணாடிபோல் மெருகேற்றிய செம்மண் சுவர் கொண்ட வீடுகள். ஓபா என்று அழைக்கப்பட்ட அரசர்கள். மகனை அரியணை ஏற்றி, அவனுக்காகப் போர்முனைக்கும் போனாள் என்று சொல்லப்படுகிற ராஜமாதா இதியா. நம் கோயில் சுவரில் கல்வெட்டு வெட்டினார்களே, அதைப்போல அரண்மனைத் தூண்களில் அவர்கள் பித்தளைப் பலகைகள் பதித்தார்கள். யார் வந்தான், யார் வென்றான், யார் எதை வாங்கினான், விற்றான் எல்லாம் அதில் உருவம் உருவமாக இருந்தது. கடல் தாண்டிப் போர்ச்சுகல்காரன் வந்தபோது அவனை வணிகனாக உட்கார வைத்துப் பேசினார்கள். யாரும் யாரையும் அண்டாவில் போடவில்லை. இவர்களும் தூதனை அனுப்பினார்கள். பிற்பாடு, ஆங்கிலேயப் படை வந்து நகரத்தை எரித்து, அரண்மனையில் இருந்ததையெல்லாம் அள்ளிக்கொண்டு போனது. அரசரைப் பிடித்து வேறு ஊருக்குக் கடத்தினார்கள். பலகைகள் ஒன்று இங்கே, ஒன்று அங்கே என்று உலகமெல்லாம் சிதறிப் போயின.

ஒசாகி தோளுக்குப் பின்னால் நின்று, அவள் ஆங்கிலத்தில் சொல்லச் சொல்லக் கேட்டான்.

"ஒன்று விட்டுவிட்டாய்," என்றான். "போரில் பிடித்தவர்களை எங்கள் அரசர்களும் விற்றார்கள். அந்தப் பித்தளையில் பாதி, அந்த ஆட்களைக் கொடுத்து வாங்கிய உலோகம்."

"நான் உங்களுக்காகச் சண்டை போட்டுட்டு வர்றேன். நீங்க என் காலையே வாரி விடறீங்க!"

"எனக்காகச் சண்டை போடு. என் ஊரைச் சாமியாக்காதே. அரசன் என்றால் அரசன்தான். உங்கள் சோழனும் கப்பலில் போய்ச் சும்மா பார்த்துவிட்டா திரும்பி வந்தான்? அவன் எரித்த ஊரும் உண்டு. இருந்தும் அவனுக்குப் பட்டு உடுத்துகிறீர்கள். எங்களுக்கும் பட்டு வேண்டாம், அண்டாவும் வேண்டாம். நாங்களும் ஒரு நாட்டை நடத்தினோம் என்று சொல். நல்லதும் கெட்டதும் செய்த மனிதர்கள் என்று சொல். அது போதும்."

தாமரை முணுமுணுத்துக்கொண்டே அதையும் எழுதினாள்.

அடுத்து வந்த சாயங்காலங்களில் நாலாம் வகுப்புப் பிள்ளைகள் பிளெய்ன்ஸ்பரோ அபார்ட்மென்ட்டுக்கு வந்தார்கள். வீட்டில் சேர்ந்து கிடந்த பார்சல் பெட்டிகளை அடுக்கிச் செம்மண் நிறம் பூசி மதில் கட்டினார்கள். காகிதக் கூழில் ஒசாகி மூன்று தலைகள் செய்து, பித்தளை வண்ணம் தீட்டிக் காய வைத்தான். க்ரிஷுக்கு இரண்டு வேஷம், முதலில் போர்ச்சுகல் வணிகன், கடைசியில் எல்லாவற்றையும் கூடையில் அள்ளிக்கொண்டு போகிற சிப்பாய்.

"ஸோ ஹூ ஈட்ஸ் மீ?" என்று க்ரிஷ் கேட்டான்.

"ஒருத்தரும் இல்ல," என்றாள் தாமரை.

"தட்ஸ் சோ போரிங், ஆன்ட்டி."

கயல்தான் ராஜமாதா. முதலில் மாட்டேன் என்றாள். "தே வோன்ட் லாஃப்," என்று சிணுங்கினாள். பிறகு ஒருநாள் ஒசாகி, தங்கள் கல்யாணத்துக்கு அவன் அக்கா பெனினிலிருந்து அனுப்பிய பவளச் சரங்களைப் பெட்டியிலிருந்து எடுத்தான். கயலுக்கு அத்தையின் சீர். அவள் முடியை உயரமாகக் கூட்டி முடிந்து, அதைச் சுற்றிப் பவளத்தைக் கட்டினான். எங்கள் ஊரில் பெரிய இடத்துப் பெண்கள் இப்படித்தான் கட்டுவார்கள் என்றான். கயல் கண்ணாடி முன்னால் வெகுநேரம் நின்றாள். அதற்குப் பிறகு சிணுங்கவில்லை.

குரல் பதிவுக்கு எந்தப் பெரியவரையும் தாமரை கூப்பிடவில்லை. பிள்ளைகளே பேசினார்கள். பார்க்கிங்கில் கார்க் கண்ணாடியை ஏற்றிவிட்டு, உள்ளே உட்கார்ந்து, போனில் பதிவு செய்தார்கள். 'அகழி' என்ற சொல்லில் ஒவ்வொரு பிள்ளையும் விழுந்து எழுந்தது. கேட்கக் கொஞ்சம் கோணலாகத்தான் இருந்தது. இருந்தால் என்ன? அவர்கள் குரல். அனுப்பிவிட்டு, வந்ததா என்று மணியனைக் கேட்டாள். கட்டை விரலை உயர்த்தின படம் ஒன்று பதிலாக வந்தது.

விழா நாளும் வந்தது. ஒரு ஹைஸ்கூல் ஆடிட்டோரியம். வெளியே காப்பியும் சாம்பார் சாதமும் மணந்தன. ஒசாகி தன் ஊர் முறைப்படி இடுப்பில் வெள்ளை வேட்டி, திறந்த தோள், கழுத்தில் இரண்டு சரம் பவளத்தோடு வந்து முதல் வரிசையில் உட்கார்ந்தான். "ராஜா மாதிரி இருக்கீங்க ப்ரோ!" என்று ஆள் மாற்றி ஆள் வந்து செல்ஃபி எடுத்தார்கள். அவன் எல்லாரிடமும் சிரித்தான். உதடு மட்டும் மெல்ல அசைந்துகொண்டிருந்தது. என் மகள் நன்றாக நடித்தாள்.

சீனா வந்து போயிற்று. ரோம் வந்து போயிற்று. திரை விலகியது.

செம்மண் மதில். அதன்முன் வெள்ளைத் துணியும், ஓக் ட்ரீ ரோட்டு இந்தியக் கடைகளில் வாங்கிய சிவப்பு மணிகளுமாகப் பிள்ளைகள். நடுவில், உயர முடிந்த முடியும் அத்தையின் பவளமுமாகக் கயல். அரங்கத்தில் 'ஆ' என்று ஒரு சத்தம் எழுந்து அடங்கியது. ஒசாகி முன்னால் குனிந்து உட்கார்ந்தான்.

ஒலிபெருக்கி கரகரத்தது.

"ஹூ ஹா! ஜிங்கிலிக்கா! மாட்டினான்டா வெள்ளைக்காரன், மசாலா அரைங்கடா!"

பழைய டிராக். மாற்றவே இல்லை. ஒரு வார்த்தைகூட.

பிள்ளைகள் திகைத்தார்கள். ஓரத்தில் நின்ற இரண்டு சின்னப் பெண்கள், பழகின கால் தானாகக் குதிக்க, குதித்தே விட்டார்கள். பின்வரிசையில் சிரிப்பு கிளம்பியது. க்ரிஷ் அண்டா எங்கே என்று தேடினான். கயல் குதிக்கவில்லை. வாயும் அசைக்கவில்லை. மேடை விளிம்புக்கு அப்பால், முதல் வரிசையில், அப்பா முகத்தையே பார்த்தாள். அந்த முகத்தில் சிரிப்பு மெல்ல மெல்ல வடிந்துகொண்டிருந்தது.

தாமரை ஓடினாள். பக்கச் சுவரோரம் மேசை போட்டு மணியன் உட்கார்ந்திருந்தார்.

"நிறுத்துங்க."

"மிக்ஸ் பண்ண டைம் இல்லம்மா. பசங்க குரல்ல ஒண்ணும் புரியவும் இல்ல. காஸ்ட்யூம்தான் மாத்தியாச்சே, போதாதா? கொஞ்ச நேரந்தான், ஓடிரும், விடு."

"நிறுத்துங்கன்னேன்!"

"இப்ப நிறுத்துனா மானம் போயிடும்!"

"யாரு மானம்?" என்றாள் தாமரை. "யாரு மானமுங்க?"

அவர் பதில் சொல்லுமுன் குனிந்து, மேசைக்குக் கீழே கைக்கு அகப்பட்ட ஒயரையெல்லாம் சேர்த்துப் பிடித்து ஒரே இழுப்பாக இழுத்தாள். ஒலிபெருக்கிப் பெட்டிகளிலிருந்து 'டொப்' என்று ஒரு சத்தம். பிறகு எதுவுமில்லை. இத்தனை வருஷத்தில் அந்த விழாவில் யாரும் கேட்டிராத அமைதி அது.

பேசுவதற்கு டிராக் இல்லை. மைக் இல்லை. மேடையில் பிள்ளைகள் மட்டும்தான் இருந்தார்கள்.

"இது..." என்றாள் கயல். குரல் வெளியே வரவில்லை.

"சத்தமா!" என்று பின்னாலிருந்து யாரோ கேலியாகக் கத்தினார்கள்.

அந்தக் கேலிதான் அவளுக்கு ரோஷத்தைக் கிளப்பியிருக்க வேண்டும்.

"இது பெனின்!" கயல் கத்தினாள். "எங்க அப்பா ஊரு! இந்தச் சுவர் மண்ணுல கட்டினது! மெஷின் இல்ல, எல்லாம் கையில! சுத்தி அகளி இருக்கு! நான் ராஜாவோட அம்மா! நாங்க ஆளைச் சாப்பிடல! நாங்க மிளகு வித்தோம், யானைத் தந்தம் வித்தோம், ஆள்களையும் வித்தோம், அது தப்பு! எங்க தெருவுல பித்தளையில எல்லாத்தையும் எழுதி வெச்சாங்க!"

தாமரை எழுதிக் கொடுத்த அழகான வாக்கியங்களில் ஒன்றுகூட முழுசாக வரவில்லை. பாதியை விட்டாள், மீதியை உடைத்தாள். ஆனால் கடைசி வரிசை வரைக்கும் கேட்டது. மற்ற பிள்ளைகளும் உசுப்பப்பட்டு ஒருவர் பின் ஒருவராகத் தங்கள் வரிகளைக் கத்தினார்கள். க்ரிஷ் தொப்பியை மாற்றிச் சிப்பாயாக வந்தான், பழக்கின மாதிரியே மூன்று தலைகளையும் கூடையில் அள்ளினான், கிளம்பினான். அதோடு நாடகம் முடிய வேண்டும்.

கயல் எட்டிக் கூடையைப் பிடித்துவிட்டாள்.

"அது எங்க அப்பாவோடது. குடு."

"வாட்? ஐ'ம் சப்போஸ்டு டு டேக் இட்!" என்றான் க்ரிஷ். அங்கங்கே சிரித்தார்கள்.

கயல் சிரிக்கவில்லை. "குடு."

க்ரிஷ் திரை ஓரமாகத் திரும்பிப் பார்த்தான். அங்கே சாந்தாமணி நின்றிருந்தாள். அத்தனை வருஷமும் டிராக்கில் எத்தனையோ பிள்ளைகளின் வாய்க்குக் குரல் கொடுத்தவர்களில் அவளும் ஒருத்தி. அன்று அவள் கண்ணுக்கு அந்தப் பெண்ணின் முடியும் பவளமும் எப்படித் தெரிந்தனவோ, முகம் கறுத்துச் சிறுத்திருந்தது.

"குடுத்துரு சாமி," என்றாள் மெதுவாக.

க்ரிஷ் கூடையை விட்டான். கயல் ஒரு தலையைத் தூக்கிக்கொண்டு, நடந்துகொண்டிருப்பது மேடை நாடகம் என்பதையே மறந்து, படியில் இறங்கி வந்து, அப்பா மடியில் வைத்தாள். காகிதத் தலைதான். ஒசாகி அதை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான். மியூசியத்தில் கண்ணாடி இருந்ததால் பிடிக்க முடியாமல் போனது அது.

கை தட்டினவர்கள் கொஞ்சம் பேர். தட்டாமல் போனைப் பார்த்தவர்கள் கொஞ்சம் பேர். அடுத்து வர வேண்டிய சோழன் மேடைக்கு வரத் தாமதமாயிற்று. ஒயரை எது எதில் சொருகுவது என்று தெரியாமல் நாலு பேர் மேசைக்கடியில் தவழ்ந்தார்கள்.

விழா முடிந்து வெளியே வந்தபோது பார்க்கிங்கில் மணியன் வழிமறித்தார்.

"ப்ரோகிராமையே நாசம் பண்ணிட்டியேம்மா. ஸ்பான்சர் முன்னாடி எனக்கு எவ்வளவு அசிங்கம் தெரியுமா?"

தாமரை வாயைத் திறக்குமுன் ஒசாகி அவர் முன்னால் வந்து நின்றான். அவனுக்கு அவர் சொன்னதில் பாதி புரிந்திருக்காது. ஆனால் சொல்வதற்கு அவனிடம் தயாராக ஒரு வாக்கியம் இருந்தது. அதைத் திருத்தமாக, சத்தமாக, ஒவ்வொரு சொல்லையும் அழுத்திச் சொன்னான்.

"என் மகள் நன்றாக நடித்தாள்."

மணியன் அவன் முகத்தைப் பார்த்தார். பவளத்தைப் பார்த்தார். சாவியைத் தேடுவதுபோல் பையைத் துழாவிக்கொண்டு விலகிப் போனார். மன்னிப்புக் கேட்கவில்லை. கேட்பார் என்று தாமரை எதிர்பார்க்கவும் இல்லை.

காரில் ஏறப் போனவள் நின்றாள். "ஒரு நிமிஷம்," என்று சொல்லிவிட்டு மறுபடி உள்ளே போனாள். மேடைக்குப் பின்புறம், பழைய திரைகளுக்கு நடுவில் அந்த அட்டை அண்டா பத்திரமாக இருந்தது. அடுத்த வருஷம் எதற்காவது ஆகும் என்று யாரோ மேலே துணி போட்டு மூடி வைத்திருந்தார்கள். தாமரை அதைக் கட்டிப்பிடித்துத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தாள். காருக்குள் நுழையவில்லை. பின்கதவு வழியாகவும் நுழையவில்லை.

தார்த்தரையில் போட்டாள். பட்டுப் புடவையை முழங்கால் வரைக்கும் தூக்கிச் செருகிக்கொண்டு அதன்மேல் ஏறி மிதித்தாள். அட்டை மொறுமொறுத்து உள்வாங்கியது. இன்னொரு மிதி. சிகைக்காய் வாசனைக் கொண்டை அவிழ்ந்து விழுந்தது. போகிறவர்களும் வருகிறவர்களும் பார்த்தார்கள். பார்க்கட்டும்.

கயல் காரிலிருந்து இறங்கினாள். பவளத்தைக் கழற்றி அப்பா கையில் கொடுத்தாள். பிறகு அம்மா பக்கத்தில் வந்து, ராஜமாதாவின் வெள்ளைத் துணியோடேயே, அன்று வரை எந்த ஒத்திகையிலும் குதிக்காத உயரத்துக்குக் குதித்து, இரண்டு காலாலும் அந்த அண்டாவின்மேல் இறங்கினாள்.